சர்வர் மூட இன்னும் 90 நாள்

கேள்வி: வணக்கம் சார். எனக்கு வயது 31, ஈரோட்டில் ஒரு ஜவுளிக் கடையில் கணக்கு எழுதுகிறேன். ஆறு வருடமாக ஒரு விண்வெளி ஆன்லைன் கேம் விளையாடுகிறேன் (பெயரைத் தனியாக எழுதியிருக்கிறேன், போட வேண்டாம்). 90 நாளில் சர்வரை மூடப்போவதாகப் போன வாரம் அறிவித்துவிட்டார்கள். எங்கள் க்ளானில், அதாவது சேர்ந்து ஆடும் குழுவில், 11 பேர். சிவகாசி, தஞ்சாவூர், மலேசியாவில் ஷா ஆலம், சவுதியில் தம்மாம், யாழ்ப்பாணம் என்று ஆளுக்கு ஒரு ஊர். யாரையும் நேரில் பார்த்ததில்லை. யாழ்ப்பாணத்து அண்ணன் மைக்கை ஆன் செய்தால் பின்னால் ஒரு ஃபேன் கிறீச் கிறீச் என்று சுற்றும். அதைக் கேட்டுத்தான் அவர் வந்துவிட்டார் என்று தெரிந்துகொள்வோம். அவருடைய சொந்தப் பெயர்கூட எங்களுக்குத் தெரியாது. கப்பல், ஸ்கின் என்று இதுவரை 38,000 ரூபாய் போட்டிருக்கிறேன். ஒரு கம்ப்யூட்டரை அப்படியே ஓட விட்டால் அவர்களுக்கு என்ன குறைந்துவிடும்? நானே ஒரு நல்ல மெஷின் வாங்கி வீட்டில் ஓட்ட முடியுமா? போட்ட பணம் வருமா? எதையாவது காப்பாற்ற வழி உண்டா? மனைவியிடம் சொன்னால் "கேம்தானே" என்று சிரிக்கிறாள்.

(பெயர் வெளியிட விரும்பாத வாசகர், ஈரோடு)

பதில்: மனைவி சிரிப்பதற்கு வைத்தியம் சுலபம். அடுத்த முறை க்ளான் பேசும்போது ஸ்பீக்கரில் போட்டு, பக்கத்தில் உட்காரச் சொல்லுங்கள். மீதிக் கேள்விகள் என் தொழிலைச் சேர்ந்தவை. பதினெட்டு வருடமாக சர்வர் பார்க்கிறேன், அதில் ஏழு வருடம் கேம் சர்வர். திறந்தும் வைத்திருக்கிறேன், மூடியும் இருக்கிறேன்.

முதலில் அந்த "ஒரு கம்ப்யூட்டர்" விஷயம். உங்கள் ஹார்ட் டிஸ்கில் இந்த கேம் 80, 90 ஜிபியை அடைத்துக்கொண்டு கிடக்கும். கிரகங்கள், கப்பலின் ஒவ்வொரு ஆணி, இசை, வெடிச்சத்தம் எல்லாம் அதில் உண்டு. கணக்கு மட்டும் கிடையாது. யார் முதலில் சுட்டது, குண்டு பட்டதா, எதிரி எந்தப் பக்கம் திரும்ப வேண்டும், செத்தவனிடமிருந்து என்ன விழும், உங்கள் மூட்டையில் எத்தனை இருக்கிறது என்பதெல்லாம் நிறுவனத்தின் சர்வரில்தான் முடிவாகிறது. பல்லாங்குழிப் பலகை உங்கள் வீட்டில், சோழி அவர்கள் வீட்டில் என்று வைத்துக்கொள்ளுங்கள். வேண்டுமென்று உங்களுக்குத் தராமல் வைத்திருக்கிறார்கள் என்று கோபப்படவும் முடியாது. குண்டு பட்டதா என்று முடிவு செய்யும் வேலையை உங்கள் மெஷினிடம் விட்டால், நாளைக் காலையில் எவனாவது ஒருவன் தன் குண்டு எப்போதும் நெற்றியில்தான் படும் என்று எழுதிவைத்துவிடுவான். ஏமாற்றாமல் ஆட வேண்டுமென்றால் நடுவர் வேறு இடத்தில்தான் இருக்க வேண்டும்.

அந்த நடுவர் ஒரு மெஷினும் இல்லை. லாகின் பார்ப்பது ஒன்று, ஆட்களைச் சேர்த்து மேட்ச் போடுவது ஒன்று, ஒவ்வொரு கிரகத்துக்கும் தனித்தனி, சாட் தனி, உங்கள் சாமான்களை வைத்திருக்கும் டேட்டாபேஸ் தனி, பணம் வாங்குவது தனி. ஒன்றோடு ஒன்று பேசிக்கொண்டே இருக்க வேண்டும். பாதுகாப்புச் சான்றிதழ் ஒன்று காலாவதியானால் போதும், விடிந்ததும் ஒருவரும் உள்ளே போக முடியாது. ராத்திரி இரண்டு மணிக்கு அதற்காக எழுந்து உட்கார்ந்தவன் நான். மின்சாரத்துக்கும் வாடகைக்கும் ஆகிற செலவைவிட, இப்படி எழுந்து உட்காரும் ஆட்களுக்குக் கொடுக்கும் சம்பளம்தான் பெரிது. பழைய கேமில் அந்த ஆட்கள் ஒவ்வொருவராக வேறு புராஜெக்டுக்குப் போய்விட்டிருப்பார்கள். கடைசியில் மிச்சமிருக்கும் ஒருவருக்கு, எந்த ஸ்விட்ச் எதற்கு என்று பாதி தெரியாது.

ஆள் குறைந்தால்தான் மூடுவார்கள் என்றும் நினைக்காதீர்கள். 2003 ஜூனில் வந்த ஸ்டார் வார்ஸ் கேலக்ஸீஸ் என்ற ஆன்லைன் கேம் 2011 டிசம்பர் 15 அன்று மூடப்பட்டது. ஸ்டார் வார்ஸ் பெயரைப் பயன்படுத்த சோனி ஆன்லைன் நிறுவனம் வாங்கியிருந்த உரிமம் 2012இல் முடியவிருந்தது. அதே டிசம்பர் 20 அன்று, ஸ்டார் வார்ஸ் பெயரிலேயே வேறொரு நிறுவனத்தின் ஆன்லைன் கேம் வெளிவந்தது. குடித்தனம் நன்றாக நடந்தாலும் வாடகை ஒப்பந்தம் முடிந்தால் வீட்டைக் காலி செய்ய வேண்டியதுதானே, அதே கதைதான். 2025இல் பயோவேரின் ஆன்தம் கேமுக்கு 2026 ஜனவரி 12 கடைசி நாள் என்று அறிவித்தார்கள், அது ஏழு வருடம்கூட ஓடவில்லை. சோனியின் கான்கார்ட் 2024 ஆகஸ்ட் 23 அன்று வந்து செப்டம்பர் 6 அன்று போயே போய்விட்டது. பதினைந்து நாள். வாங்கினவர்களுக்குப் பணத்தைத் திருப்பிக் கொடுத்தார்கள் என்பது அதில் ஒரு ஆறுதல்.

கேலக்ஸீஸைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன். உங்களுக்கு வேண்டிய பதில் அதில் இருக்கிறது.

அந்த கேமில் துப்பாக்கி செய்கிறவர்கள் தனி, கவசம் செய்கிறவர்கள் தனி. எல்லாரும் உங்களைப் போல ஆட்கள்தான். செய்ய உலோகம் வேண்டும். ஏதோ ஒரு கிரகத்தில் புதிதாக ஒரு உலோகம் தோன்றும், அதற்கு ஒரு பெயரும், தரத்தைச் சொல்லும் சில எண்களும் இருக்கும். சில நாள்கள் தோண்டலாம். பிறகு அது மறைந்துவிடும். அதே எண்களோடு மறுபடி வராது. அதனால் உலோகம் செய்தி போலப் பரவும்; ராத்திரி ராத்திரியாக எந்திரங்களை நட்டுத் தோண்டுவார்கள். இரண்டு வருடத்துக்கு முன்னால் ஒரு வாரம் மட்டும் கிடைத்த உயர்ந்த ரகத் தாமிரத்தை ஒருவர் வீடு நிறைய வைத்திருப்பார், பெரிய மனிதர் வந்து கேட்டால்தான் எடுத்துத் தருவார். நம் ஊரில் பழைய தேக்கு வைத்திருக்கும் ஆசாரி மாதிரி. இன்னொன்று, சண்டை போட்டுக் களைத்த சிப்பாய்க்கு அந்தக் களைப்பு தானாகத் தீராது. சத்திரத்துக்குப் போய் நடனக்காரர் ஆடுவதையோ பாட்டுக்காரர் வாசிப்பதையோ உட்கார்ந்து பார்க்க வேண்டும். ஆடுகிறவரும் எங்கோ ஒரு ஊரில் கீபோர்டு முன்னால் இருக்கும் ஆள்தான். களைப்பு தீரும்வரை சும்மா உட்கார்ந்திருப்பதால் பேச்சு வரும். அந்தப் பேச்சில் சேர்ந்தவர்கள் ஏராளம். அதை வடிவமைத்தவர்களுக்குத் தலைமை தாங்கிய ராஃப் காஸ்டர், ஒருவருக்கு ஒருவர் தேவைப்படும்படி வேண்டுமென்றே செய்திருந்தார்.

2005 நவம்பரில் அந்த அமைப்பைக் கலைத்தார்கள். முப்பதுக்கு மேல் இருந்த தொழில்கள் ஒன்பதாகச் சுருங்கின. சண்டை வேகமானது, தாமிரம் வைத்திருந்தவருக்கு வேலை குறைந்தது, கூட்டம் கூட்டமாக வெளியேறினார்கள். சர்வர் அதற்குப் பிறகு ஆறு வருடம் ஓடியது. இப்போது அந்த கேமை ரசிகர்களே சர்வர் எழுதித் திரும்ப ஓட்டுகிறார்கள். அவர்களில் மூத்த திட்டம் எதைக் கட்டி எழுப்பியது தெரியுமா? 2011இல் மூடியதை விட்டுவிட்டு, 2005 மாற்றத்துக்கு முந்தைய கேமை. சர்வர் மூடும் தேதி ஒன்று, அவரவர் மனதில் கேம் செத்த தேதி இன்னொன்று. ரசிகர் சர்வரில் சத்திரம் வந்துவிட்டது, ஆட்டம் வந்துவிட்டது, உலோகமும் புதிது புதிதாகத் தோன்றி மறைகிறது. அந்தப் பழைய தாமிரம் மட்டும் யாரிடமும் இல்லை. கேம் திரும்பி வரும்போதும் உங்கள் மூட்டை திரும்பி வராது என்பதை இப்போதே மனதில் போட்டுக்கொள்ளுங்கள். இந்த 90 நாளை அந்த மூட்டையை நிரப்புவதில் செலவழித்துவிடக் கூடாது, அதற்காகத்தான் இவ்வளவும் சொன்னேன்.

"எங்கேயாவது பேக்கப் வைத்திருப்பார்கள், கேட்டால் தருவார்கள்" என்று க்ளானில் ஒருவர் சொல்லியிருப்பார். எல்லா க்ளானிலும் ஒருவர் சொல்வார். நான் வேலை பார்த்த ஒரு நிறுவனத்தில் (பெயர் வேண்டாம்) போனில் ஆடும் ஒரு கப்பல் சண்டை கேமை நான்தான் மூடினேன். சாதாரண ராத்திரிகளில் இருநூறு பேர் தேறாது. கடைசி ராத்திரி மூவாயிரத்தைத் தாண்டியது. திரையில் கிராஃப் மலை மாதிரி ஏறுவதைப் பார்த்துப் பக்கத்தில் இருந்த பையன், "இதில் பாதிப் பேர் போன வருடம் வந்திருந்தால் இன்றைக்கு நாம் வீட்டுக்குப் போயிருக்கலாமே சார்" என்றான். பதினொன்றே முக்காலுக்குப் புது லாகினை நிறுத்தினோம். பன்னிரண்டுக்கு எல்லார் கணக்கையும் சேமித்துவிட்டு, கிரகம் கிரகமாக நிறுத்திக்கொண்டு வந்தேன். கூட்டம் அதிகம் நின்ற விண்வெளி நிலையத்தைக் கடைசிக்கு வைத்திருந்தேன். அங்கே ஒருவர் பன்னிரண்டு அடித்த பிறகும் சந்தையில் தன் சரக்கின் விலையை இன்னும் கொஞ்சம் குறைத்துப் போட்டுக்கொண்டிருந்தார். அதையும் ஒருவர் வாங்கினார். ஏழு நிமிடம் நான் அந்தக் கட்டளையைத் தட்டாமல் பார்த்துக்கொண்டே இருந்தேன்; மேலதிகாரி போன் செய்த பிறகுதான் தட்டினேன்.

அந்த டேட்டாபேஸின் முழு நகலை கிளவுடில் போட்டு வைத்தோம். இரண்டு வருடம் கழித்து வேறு ஒரு காரணத்துக்காகத் தேடினால் காணோம். கணக்குப் பிரிவில் யாரோ மாத பில்லைப் பார்த்திருக்கிறார், "இது யாருடையது?" என்று கேட்டிருக்கிறார், சொந்தம் கொண்டாட ஆள் இல்லை, மூடிவிட்டார். கெட்ட எண்ணம் ஒருவருக்கும் இல்லை. மூவாயிரம் பேருடைய கப்பல்கள் ஒரு மாதாந்திரச் சிக்கனத்தில் போய்விட்டன.

நகல் பத்திரமாக இருந்தாலும் சில சமயம் வேடிக்கைதான். டாபுலா ராசா என்ற அறிவியல் புனைவு கேமை உருவாக்கிய ரிச்சர்ட் கேரியட் 2008 அக்டோபரில் சொந்தப் பணத்தில் சோயுஸ் ராக்கெட்டில் விண்வெளி நிலையத்துக்குப் போனார். போகும்போது சில மனிதர்களின் மரபணு விவரங்களையும் தன் கேமை ஆடியவர்களின் பாத்திர விவரங்களையும் ஒரு நினைவுச் சில்லில் எடுத்துப்போனார். அடுத்த பிப்ரவரி 28 அன்று, அதை வெளியிட்ட என்சிசாஃப்ட் நிறுவனம் அந்த கேமின் சர்வரை மூடிவிட்டது. பாத்திரங்கள் விண்வெளிக்குப் போய்ச் சேர்ந்தன, பூமியில் அவை நடமாட இடம் இல்லை.

இனி, நீங்களே ஓட்டும் யோசனை. மெஷின் பிரச்சினையே இல்லை. பதினொரு பேருக்கு ஒரு சுமாரான கம்ப்யூட்டர் போதும். ஓட்டுவதற்கு புரோகிராம் வேண்டும், அது வெளியே வராது. வேறொரு நிறுவனத்திடம் உரிமம் வாங்கிச் சேர்த்த பகுதிகள் அதற்குள் இருக்கும், அவர்களே நினைத்தாலும் அப்படியே தூக்கிக் கொடுக்க முடியாது. இதுவரை ரசிகர்கள் இரண்டு வழியில் போயிருக்கிறார்கள். சிட்டி ஆஃப் ஹீரோஸ் என்ற சூப்பர்ஹீரோ கேம் 2012 நவம்பர் 30 அன்று மூடப்பட்டது. அதன் புரோகிராம் எப்படியோ சிலர் கைக்கு வந்து, வருடக்கணக்கில் ரகசியமாக ஒரு சர்வர் ஓடியிருக்கிறது. 2019இல் விஷயம் வெளியே வந்தது, பெரிய ரகளை. பிறகு 2024 ஜனவரியில் ஹோம்கமிங் என்ற ரசிகர் குழுவுக்கு, கேமின் உரிமையாளரான அதே என்சிசாஃப்ட் உரிமமே கொடுத்தது. இப்படி நடப்பது குதிரைக் கொம்பு, உங்களுக்கும் நடக்கும் என்று காத்திருக்காதீர்கள்.

இரண்டாவது வழிக்குத்தான் நாள் கணக்கு முக்கியம். உங்கள் மெஷினும் சர்வரும் ஓயாமல் எண்களில் பேசிக்கொள்கின்றன. நீங்கள் கதவைத் திறக்கிறீர்கள். இங்கிருந்து எண்களின் வரிசை ஒன்று போகிறது, அங்கிருந்து இன்னொரு வரிசை வருகிறது. அந்தப் பேச்சைப் பதிவுசெய்து வைத்தால், பிற்காலத்தில் பொறுமையுள்ள ஒருவர், "கதவு திறக்கும்போது இந்த வரிசை வருகிறது" என்று ஒவ்வொன்றாகக் கண்டுபிடித்து, அதே பதிலைச் சொல்லும் புது சர்வரை எழுதலாம். நம் பாஷை தெரியாத ஒருவர் சந்தையில் நின்று பேரம் பேசுவதைக் கேட்டுக் கேட்டுப் பாஷை பிடிப்பதைப் போல. சந்தை நடக்கும்போதுதான் அது முடியும். 2003இல் வந்த ப்ளானட்சைட் என்ற ஆன்லைன் போர் கேமை 2016 ஜூலை 1 அன்று மூடியபோது, ரசிகர்கள் முன்கூட்டியே ஒரு கருவி செய்து இப்படிப் பதிவுகளைச் சேர்த்து வைத்திருந்தார்கள். இன்றைக்கு அது திரும்ப எழுந்து நடக்கிறது என்றால் அந்தப் பதிவுகளால்தான்.

உங்கள் கேமுக்கும் அப்படி ஒரு குழு அநேகமாக இந்நேரம் தொடங்கியிருக்கும். ஆங்கிலத்தில் கேமின் பெயரோடு 'பிரிசர்வேஷன்', 'எமுலேட்டர்' என்று சேர்த்துத் தேடுங்கள். நீங்களாகவே ஆரம்பிக்காதீர்கள், இருப்பதில் சேருங்கள். உங்களால் என்ன உதவி? யாரும் போகாத மூலை முடுக்குக்கெல்லாம் போய் வருவது. சண்டை நடக்கும் இடங்களை ஆயிரம் பேர் பதிவுசெய்வார்கள். முதல் லெவலின் பயிற்சிக் கப்பலில் இருக்கும் சமையல்காரர் என்ன பேசுகிறார் என்பதைப் பதிவுசெய்ய ஆள் இருக்காது. அவர் வாய் திறக்கும் வசனம் சர்வரிலிருந்துதான் வருகிறது.

இரண்டு எச்சரிக்கை. பதிவில் உங்கள் லாகின் ரகசியமும் மற்றவர்கள் அந்தரங்கமாகப் பேசியதும் கலந்திருக்கும், பொதுவில் ஏற்றாதீர்கள். அடுத்து, கேமில் சேரும்போது "ஒப்புக்கொள்கிறேன்" என்று அழுத்தினீர்களே, அதில் இதெல்லாம் கூடாது என்று எழுதியிருக்கும். நம் 1957 பதிப்புரிமைச் சட்டத்தின் 52ஆவது பிரிவு, ஒரு புரோகிராமோடு இன்னொரு புரோகிராமை ஒத்துப்போக வைக்கத் தேவையான தகவலைத் தெரிந்துகொள்ள, சட்டப்படி அதை வைத்திருப்பவருக்குக் கொஞ்சம் இடம் கொடுக்கிறது. அந்த இடம் எவ்வளவு தூரம் நீளும் என்பது வக்கீல் சொல்ல வேண்டியது. தொழில்காரனாக நான் சொல்வது, அதில் ஒரு ரூபாய்கூட வசூல் செய்யாதீர்கள், நிறுவனத்தின் கோப்புகளை மற்றவர்களுக்கு அனுப்பாதீர்கள். காசு கைமாறும் இடத்துக்குத்தான் நோட்டீஸ் முதலில் வரும்.

பணம் வருமா? 38,000இல் பெரும்பகுதி வராது. கடைசி சில வாரங்களில் வாங்கியது ஏதாவது இருந்தால் வாங்கிய கடையிடமே உடனே கேளுங்கள், மூடும் அறிவிப்பைக் காரணம் காட்டுங்கள். பயன்படுத்தாமல் கிடக்கும் கேம் நாணயத்துக்கும் கேட்டுப் பாருங்கள். மறுத்தால் தேசிய நுகர்வோர் உதவி எண் 1915 இருக்கிறது. மற்றபடி நீங்கள் கப்பலை வாங்கவில்லை, கப்பலில் ஏற அனுமதி வாங்கினீர்கள். இதைக் கடைக்காரர்கள் வெளிப்படையாகச் சொல்ல வேண்டும் என்று கலிஃபோர்னியா ஒரு சட்டமே போட்டு 2025 ஜனவரி 1 முதல் அமலாக்கியிருக்கிறது. உண்மையைச் சொல்லச் சொல்லியிருக்கிறதே தவிர மாற்றச் சொல்லவில்லை.

மாற்றச் சொல்லிக் கிளம்பியவர்களும் உண்டு. யூபிசாஃப்டின் தி க்ரூ என்ற கார் பந்தய கேம் 2024 மார்ச் 31 அன்று மூடப்பட்டது. காசு கொடுத்து வாங்கியவர்களின் கணக்கிலிருந்தே அதன் உரிமத்தை எடுத்துவிட்டார்கள். அதைப் பார்த்துக் கொதித்து ராஸ் ஸ்காட் என்ற யூடியூபர் 'ஸ்டாப் கில்லிங் கேம்ஸ்' என்ற இயக்கத்தைத் தொடங்கினார். ஐரோப்பிய ஒன்றியத்திடம் மனு கொடுக்கப் பத்து லட்சம் கையெழுத்து வேண்டும், 2025 ஜூலை முடிவில் சுமார் 14 லட்சம் சேர்ந்திருந்தது. காலம் முழுக்க சர்வரை ஓட்டு என்று அவர்கள் கேட்கவில்லை. போகும்போது ஆடக்கூடிய நிலையில் விட்டுவிட்டுப் போ என்கிறார்கள். முடியாத காரியமா? வேலன் ஸ்டூடியோஸ் 2023 ஜூனில் தங்கள் நாக்அவுட் சிட்டி கேமை மூடியபோது, கம்ப்யூட்டரில் அவரவரே சர்வர் ஓட்டிக்கொள்ளும் வடிவத்தை இலவசமாகக் கொடுத்துவிட்டுத்தான் போனார்கள். உங்கள் நிறுவனத்துக்கும் எழுதுங்கள். கேமின் மொத்தத்தையும் கேட்காமல், தனியாகவோ நண்பர்களோடு மட்டுமோ ஆடும் ஒரு பகுதியைக் கேளுங்கள். இந்த 90 நாளும் அங்கே ஒன்றிரண்டு எஞ்சினியர்களாவது வேலையில் இருப்பார்கள், அதன் பிறகு கேட்டால் மின்னஞ்சலைத் திறக்க ஆள் இராது.

இப்போது உங்கள் பதினொரு பேர். இதற்கு நான் சொல்ல நினைத்த உதாரணத்தின் பெயரே நம் காதுக்கு வேறு மாதிரி கேட்கும், 'ஊரு'. அமெரிக்காவின் சையன் நிறுவனம் செய்தது. பூமிக்கு அடியில் கைவிடப்பட்டுக் கிடக்கும் ஒரு நாகரிகத்தின் நகரத்தைச் சுற்றிப் பார்த்துப் புதிர்களை அவிழ்க்கும் கேம். சண்டை கிடையாது. அதன் ஆன்லைன் பகுதி முழுதாகத் திறக்கும் முன்பே, 2004 பிப்ரவரியில், மூடுகிறோம் என்றார்கள். சில நாள்தான் அவகாசம். கடைசி ராத்திரி ஒரு குழுவினர் கேமுக்குள் இருந்த தங்கள் பேட்டையில் கூடி, கைகோத்தது போலத் தோன்றும்படி பாத்திரங்களை நெருக்கமாக நிறுத்திக்கொண்டு காத்திருந்தார்கள். நேரம் வந்ததும் படம் உறைந்தது. திரையில் வந்த செய்தி, உங்கள் இணைய இணைப்பில் ஏதோ கோளாறு என்பது. ஒரு உலகம் முடிந்துபோனதைச் சொல்ல அந்த புரோகிராமிடம் வேறு வாக்கியம் இல்லை. என் தொழிலில் எனக்கு வெட்கமாக இருக்கும் இடங்களில் இது ஒன்று. மூடும் நாளுக்கென்று ஒரு வரி எழுதிவைக்க எங்களில் யாருக்கும் தோன்றுவதில்லை.

ஆனால் அவர்கள் முன்கூட்டியே கேமுக்கு வெளியே ஒரு கூடும் இடத்தை வைத்திருந்தார்கள். அங்கிருந்து எங்கே போகலாம் என்று பேசி, சில நூறு பேர் 'தேர்' என்ற இன்னொரு ஆன்லைன் உலகத்துக்குக் குடிபெயர்ந்தார்கள், வேறு சிலர் செகண்ட் லைஃபுக்குப் போனார்கள். தங்களை அகதிகள் என்றே சொல்லிக்கொண்டார்கள். அந்தச் சொல்லை இவ்வளவு லேசாக எடுத்தாள எனக்கு வாய் வராது, உங்கள் யாழ்ப்பாணத்து அண்ணனுக்கும் வராது. போன இடத்தில் கூட்டமாக இறங்கியதால் லேக் அடிக்கிறது, ஆட்டம் திணறுகிறது என்று பழைய ஆட்கள் முகம் சுளித்தார்கள். இவர்கள் பழைய பேட்டையில் இருந்த நீரூற்றைப் போல ஒன்றைக் கட்டிவைத்து அதைச் சுற்றி உட்கார்ந்தார்கள். சில மாதத்தில் ரசிகர்களே சர்வர் ஓட்டிக்கொள்ள சையன் அனுமதித்தது. 2007இல் கேம் திரும்ப வந்தது, 2008இல் திரும்ப மூடியது, 2010 பிப்ரவரியில் நன்கொடையில் ஓடுகிற இலவச கேமாக மறுபடி திறந்தது. நடுவில் அடைக்கலம் கொடுத்த 'தேர்' உலகமே 2010 மார்ச்சில் மூடப்பட்டது என்பது தனிக் கதை.

எதிர்ப்பக்க உதாரணம் ஹேலோ 2 என்ற துப்பாக்கிச் சண்டை கேம். பழைய எக்ஸ்பாக்ஸ் கேம் கருவிக்கான ஆன்லைன் சேவையை மைக்ரோசாஃப்ட் 2010 ஏப்ரல் 15 அன்று நிறுத்தியது. புதிதாக யாரும் நுழைய முடியாது, உள்ளே இருப்பவர்களைப் பிடித்து வெளியே தள்ளவில்லை. அந்த கேமில் மேட்ச் ஓடுவது ஆடுகிறவர்களின் சொந்த எக்ஸ்பாக்ஸில், ஆகவே உள்ளே இருந்தவர்கள் ஆடிக்கொண்டே இருக்க முடிந்தது. பதினான்கு பேர் எக்ஸ்பாக்ஸை அணைக்கவே இல்லை. தூங்கும்போதும், வேலைக்குப் போகும்போதும் அது ஓடிக்கொண்டே இருந்தது. நோபிள் 14 என்று அவர்களுக்குப் பெயரே வந்துவிட்டது. ஒருவருக்கு இன்டர்நெட் போனது, ஒருவருக்கு மெஷின் உறைந்தது. ஒவ்வொருவராகக் குறைந்து குறைந்து மே இரண்டாம் வாரத்தில் கடைசி ஆளும் வெளியே விழுந்தார். படிக்கும்போது எனக்குத் தொண்டை அடைத்தது என்பது உண்மை. ஆனாலும் யாராவது இப்படிச் செய்யலாமா என்று கேட்டால், எக்ஸ்பாக்ஸை அணைத்துவிட்டுத் தூங்கப் போங்கள் என்றுதான் சொல்வேன்.

நீங்கள் செய்ய வேண்டியது அந்த 'ஊரு' கேமை ஆடியவர்கள் செய்தது. இந்த ஞாயிறே ஒரு வாட்ஸ்அப் குழு, அதோடு பேசுவதற்கு ஒரு டிஸ்கார்ட். இரண்டும் வேண்டும், ஒன்று போனால் ஒன்று. தம்மாமில் இருப்பவருக்கு வாட்ஸ்அப் அழைப்பு சரியாக வராது என்றால் அதையும் இப்போதே சோதித்துப் பாருங்கள். இன்றைக்கு நீங்கள் பேசுவது கேமுக்குள் இருக்கும் மைக் வழியாக, அதுவும் அதே ராத்திரி அதே நொடியில் அறுந்துவிடும். விடைபெறும் வாக்கியத்தின் நடுவில் அறுபட்ட பலரை நான் சர்வரின் பதிவேட்டில் பார்த்திருக்கிறேன். கேம் தரும் தகவல் நகல் என்று கணக்குப் பக்கத்தில் ஒரு வசதி இருந்தால் அழுத்தி வாங்கி வையுங்கள். நிறுவிய கேமின் முழு ஃபோல்டரையும் வெளி ஹார்ட் டிஸ்கில் ஒரு பிரதி எடுங்கள். நாளைக்கு ரசிகர் சர்வர் ஒன்று வந்தால் அதற்குக் கடைசிப் பதிப்பின் கிளையன்ட், அதாவது நம் மெஷினில் ஓடும் பகுதி, தேவைப்படும், கடையில் அப்போது கிடைக்காது. ஒரு வழக்கமான ராத்திரியை முழுதாக வீடியோ எடுங்கள். பெரிய சண்டை வேண்டாம். கப்பலில் காத்திருந்துகொண்டு வெட்டிப் பேச்சு பேசுகிற ராத்திரி. அந்த ஃபேன் சத்தம் அதில்தான் இருக்கும்.

அடுத்து எங்கே போவது என்பதை மூடுவதற்கு முன்பே எல்லாருமாக முடிவு செய்யுங்கள், பிறகு கூட்டுவது கஷ்டம். என்னைக் கேட்டால், சர்வரை நாமே ஓட்ட அனுமதிக்கும் கேமுக்குப் போங்கள். ஸ்பேஸ் எஞ்சினியர்ஸ், சாட்டிஸ்ஃபேக்டரி, ஃபேக்டோரியோ மூன்றிலும் அது முடியும், மூன்றும் விண்வெளி சம்பந்தப்பட்டவை. அங்கே நீங்கள் வாங்க நினைத்த மெஷினுக்கும் வேலை இருக்கும். சுட்டுக்கொண்டே இருந்த கை தொழிற்சாலை கட்டும்போது முதல் வாரம் அலுப்பாக இருக்கும். ஐஸ்லாந்தின் ஈவ் ஆன்லைன் 2003இலிருந்து ஓடிக்கொண்டிருக்கிறது, பெரிய உலகம், ஆனால் சோழி அங்கேயும் அவர்கள் வீட்டில்தான்.

இதையெல்லாம் தொடங்கும் முன் ஒரு காரியம். யாழ்ப்பாணத்து அண்ணனிடம் அவருடைய பெயரையும் நம்பரையும் இன்றைக்கே கேட்டு எழுதிவையுங்கள். கடைசி வாரத்தில் பழைய ஆட்கள் எல்லாரும் திரும்பி வருவார்கள், லாகின் வரிசை நீளும், அவருக்கு உள்ளே வர இடம் கிடைக்காமலே போகலாம்.